டெனருக்குப் போன மெட்டு

நீங்களே ஒரு நியாயம் சொல்லுங்கம்மா. மதுரைக்குத்தானே? அப்ப நேரம் இருக்கு. பையை மேல போடாதீங்க, இந்த டிரைவர் பிரேக் போட்டா தலையில விழும். மடியில வச்சுக்கங்க.

முப்பத்தொன்பது வருஷமா ஒரு வீட்டுல நடுக்கூடத்துல உட்கார்ந்திருந்தவளை எழுப்பி, "கொஞ்சம் அந்தப் பக்கமாப் போய் இருங்க"ன்னா எப்படி இருக்கும்? எனக்கு அதைப் பாட்டுல பண்ணினாங்க. பண்ணினது வெளியாள்னா விட்டுத் தொலைச்சிருப்பேன். என் சம்பந்தி! என் மகளைக் கட்டினவனோட அப்பா! மாசத்துல ரெண்டு ஞாயித்துக்கிழமை எங்க வீட்டுல மீன் குழம்பு சாப்பிடுற மனுஷன்!

என் பேரு மனோரஞ்சிதம். பி.டி. டீச்சரா இருந்து ரிட்டயர் ஆனேன். விசில் இல்லாமலே கிரவுண்டோட அந்த மூலையில நிக்கிற பிள்ளையைத் திரும்பிப் பார்க்க வச்சவ. எங்க ஊர்க் கோயில் அமெரிக்கன் மிஷன் காலத்துல கட்டினது. கோயில்னா சர்ச்சுதாம்மா, நாங்க அப்படித்தான் சொல்லுவோம். அங்க கொயர்ல நான்தான் முதல் சொப்ரானோ.

சொப்ரானோ தெரியாதா? சரி. கொயர்ல நாலு குரல். பொம்பளைங்கள்ல மேல் குரல் சொப்ரானோ, கீழ் குரல் ஆல்டோ. ஆம்பளைங்கள்ல மேல் குரல் டெனர், கீழ் குரல் பேஸ். இதுல பாட்டோட மெட்டு இருக்கே, ஜனங்க வீட்டுக்குப் போய் பாத்திரம் விளக்கும்போது முணுமுணுக்குறாங்களே, அது சொப்ரானோவுக்குத்தான். மத்த மூணும் துணைக்கு. பேஸ்னா எங்க தங்கராஜ், போஸ்ட் ஆபீஸ்ல இருந்தவர். முப்பது வருஷமா ஒரே எடத்துல நின்னுக்கிட்டு ம்ம்ம்ம்னு மாவு மில்லு ஓடுற மாதிரி பாடுவாரு. பாவம், அவர் வரலைன்னா கூட யாருக்கும் தெரியாது. டெனர்தான் என் சம்பந்தி சற்குணம் அண்ணன். அவரேதான் கொயர் மாஸ்டரும். நல்ல மனுஷன்தான். நல்ல குரல்தான். அதை நான் மறைச்சு என்ன ஆகப் போகுது?

போன வருஷம் புதுசா ஒரு ஐயர் வந்தாரு. ஐயர்னா எங்க பாதிரியார். முப்பத்திரண்டு வயசு. வந்ததும் வராததுமா கமிட்டியில ஒரு தீர்மானம். அறுபது வயசுக்கு மேல கொயர்ல இருக்கிறவங்க எல்லாம் பிரதிஷ்டைப் பண்டிகை, அதான் கோயில் திறந்த நாளைக் கொண்டாடுறது, அது முடிஞ்ச கையோட குரல் தேர்வுக்கு வரணுமாம். பாஸ் ஆனாத்தான் கொயர், இல்லைன்னா கீழ பெஞ்சு. எனக்கு அறுபத்தியாறு. கொயர் மாஸ்டரை விட்டா, கொயர்ல அறுபதைத் தாண்டினது மொத்தம் மூணு பேர். தங்கராஜ், அவரோட நிக்கிற இன்னொரு பேஸ், நான். பேஸ்ல தேர்வு வச்சு என்னத்தைக் கண்டுபிடிக்கப் போறாங்க? அப்ப தேர்வு யாருக்குன்னு சொல்லுங்க பார்ப்போம்.

என் குரலுக்கு ஒரு குறையும் இல்லம்மா. அதுக்கு முந்தின கிறிஸ்மஸ்ல மேல போற எடத்துல கொஞ்சம் பிசிறுச்சு. அது குடில்ல போட்டிருந்த வைக்கோலோட தூசி. ஈஸ்டர்ல ஒரு எடத்துல நின்னுபோச்சு. பீடத்துல அவ்வளவு லில்லிப் பூ வச்சா யாருக்குத்தான் மூச்சு வரும்? அறுப்பின் பண்டிகையில, காணிக்கைக்கு யாரோ ஆட்டுக்குட்டியைக் கொண்டுவந்து கொயருக்குப் பக்கத்துலயே கட்டிட்டாங்க. அதோட முடி. எல்லாத்துக்கும் காரணம் இருக்கு. நாக்குல நரம்பில்லாதவங்க, "டீச்சருக்கு வயசாயிருச்சு"ன்னு சொல்லுவாங்க.

இந்த நேரத்துலதான் அமெரிக்காவுல இருந்து ஒரு புரொபசர் வந்தாரு. ஆறரை அடி இருப்பாரு, எங்க வீட்டு நிலைப்படியில ரெண்டு தடவை இடிச்சுக்கிட்டாரு. பழைய பாட்டை ஆராய்ச்சி பண்றவராம். அவங்க ஊரு இங்கிலீஷ்காரன் கையில இருந்த காலத்துல, நம்மளை மாதிரிதான், அங்க சாதாரண ஜனங்க ஜபவீட்டுல பாடுறதுக்கு அவங்கள்லயே சில பேரு பாட்டுக் கட்டினாங்களாம். அப்படிக் கட்டின ரெண்டு பாட்டை எடுத்துக்கிட்டு வந்திருந்தாரு. உங்க கோயிலைக் கட்டினவங்களோட பூட்டன்மாருங்க பாடின பாட்டு, இதுல ஒண்ணைப் பண்டிகைக்குத் தமிழ்ல பாடுங்கன்னாரு.

ஒரு பாட்டுல மெட்டு மேல, நம்ம பக்கம். இன்னொண்ணு, ஒரு பீப்பாய் செய்யிற ஆளு கட்டினது. பகல்ல பீப்பாய்க்கு வளையம் மாட்டுவாராம், சாயந்திரமானா குதிரையேறி ஊர் ஊராப் போய் பாட்டுப் பள்ளிக்கூடம் நடத்துவாராம். சங்கீதம் முறையாப் படிச்சவர் இல்லையாம். அதுதான் பாட்டைப் பார்த்தாலே தெரியுதே! மெட்டைக் கொண்டுபோய் டெனருக்குக் கொடுத்து வச்சிருக்காரு அந்த ஆளு. சொப்ரானோவுக்கு ஒரு ஓரமா நின்னு அழகு பார்க்கிற வேலை. புரொபசரைக் கேட்டேன், "ஏன் சார், பீப்பாய் செய்யிறவருக்கு எதை மேல வைக்கணும், எதைக் கீழ வைக்கணும்னு தெரியாதா?"ன்னு. அவர் சிரிச்சுக்கிட்டே, "அந்தக் காலத்துல எங்க ஊர்ல அதுதான் வழக்கம் மேடம், மெட்டு டெனருக்குத்தான்"னு சொல்றாரு. வழக்கமாம்!

இப்ப நீங்க சொல்லுங்க. ரெண்டு பாட்டுல கொயர் மாஸ்டர் எதை எடுப்பாரு? அதேதான். என் சம்பந்தி ஒரு நிமிஷம் கூட யோசிக்கலை. பீப்பாய்க்காரர் பாட்டையே எடுத்தாரு. நான் முகத்தைத் தூக்கி வச்சுக்கிட்டேன். அன்னிக்கு மீன் குழம்பு சாப்பிடும்போது தட்டைப் பார்த்துக்கிட்டே சொல்றாரு.

"இதுல உங்களுக்கு மேல ஏறுற வேலையே இல்ல சம்பந்தி. சிரமப்படாமப் பாடலாம். பண்டிகை அன்னிக்கு ஐயரும் கமிட்டியும் முன்னாலதான் உட்கார்ந்திருப்பாங்க. நல்லபடியா முடிஞ்சிட்டா அப்புறம் தேர்வைப் பத்தி நான் பேசிக்கிறேன்."

பார்த்தீங்களா தந்திரத்தை? மெட்டை எடுத்துக்கிட்டதும் இல்லாம எனக்கு உபகாரம் பண்ற மாதிரி பேச்சு! முள்ளோட இருந்த துண்டாப் பார்த்து ஒண்ணு வச்சேன் அவர் தட்டுல.

அந்தப் பாட்டுல இன்னொரு கூத்தும் உண்டு. முதல் பாதி நாலு குரலும் ஒண்ணாப் போகும். அப்புறம் எல்லாரும் நிறுத்திடணும். பேஸ் மட்டும் தனியா, "கடலும் பாடும், கரையும் பாடும்"னு ஆரம்பிப்பாரு. தமிழ் வார்த்தை சம்பந்தி எழுதினதுதான். பேஸ் ஒரு வரி போனதும் டெனர் அதே வரியைப் பிடிச்சுக்கிட்டுப் பின்னால வருவாரு. அப்புறம் சொப்ரானோ. அப்புறம் ஆல்டோ. ஒருத்தரை ஒருத்தர் துரத்திக்கிட்டுப் போய் கடைசியில நாலு பேரும் ஒண்ணா வந்து நிக்கணும். புரொபசர் கையை ஆட்டி ஆட்டி விளக்கினாரு. நான் சொன்னேன், "சார், இதை நான் இருபத்தெட்டு வருஷம் நடத்தியிருக்கேன், இதுக்குப் பேரு ரிலே ரேஸ்." ரிலேயில நல்ல ஓட்டக்காரியைக் கடைசியில வைப்போம். இங்க கடைசியில வர்றது ஆல்டோ. முதல்ல ஓடுறது தங்கராஜ். பீப்பாய்க்காரரைச் சும்மாவா சொல்றேன்?

ஒத்திகையில நான் வாயைத் திறக்காமப் பன்னெண்டு எண்ணிக்கை நிக்கணும். பன்னெண்டு! அந்தப் பன்னெண்டுக்குள்ள எனக்கு ஒரு யோசனை வந்துச்சு.

நான்தான் பெண்கள் சங்கத்துக்குத் தலைவி. நாப்பது பேரு. அவங்களைக் கூப்பிட்டு ரகசியமாச் சொன்னேன். "பண்டிகை அன்னிக்கு முன் நாலு வரிசையும் நம்ம பிடிச்சிடணும். பாட்டு நடுவுல சட்டுனு நின்னுபோகும். அப்ப ஒரு குரல் தனியா வரும். அந்தக் குரலைப் பிடிச்சுக்கங்க, அது பாடினதை அப்படியே திருப்பிப் பாடுங்க, விட்டுடாதீங்க." நாப்பது பொம்பளைங்க என் வரியைத் திருப்பிப் பாடினா டெனராவது மண்ணாவது! எவ்வளவு நல்ல திட்டம், சொல்லுங்க.

ஒண்ணை மட்டும் சொல்ல மறந்துட்டேன். தனியா வர்ற முதல் குரல் என்னுது இல்லைன்னு. எப்படிம்மா சொல்லத் தோணும்? முப்பத்தொன்பது வருஷமா அந்தக் கோயில்ல தனியா ஒரு குரல் வந்தா அது நான்தானே!

பண்டிகை அன்னிக்குக் காலையில கோயில் நிரம்பி வெளியில பந்தல் போட்டு உட்கார்ந்திருந்தாங்க. நானூறு பேருக்குக் குறையாது. முன் நாலு வரிசை எங்க சங்கம், ஒரே மாதிரி அரக்கு கலர் சேலை. பக்கவாட்டுல ஐயர், கமிட்டி, புரொபசர். முதல் பாதி நல்லாத்தான் போச்சு. எல்லாரும் நிறுத்தினோம். தங்கராஜ் தொண்டையைக் கனைச்சுக்கிட்டு, "கடலும் பாடும், கரையும் பாடும்"னு ஆரம்பிச்சாரு.

நாப்பது பொம்பளைங்களும் எழுந்து நின்னு, "கடலும் பாடும், கரையும் பாடும்"னு திருப்பிப் பாடினாங்க!

எனக்குக் கையும் ஓடலை காலும் ஓடலை. கண்ணைக் காட்டுறேன், தலையை ஆட்டுறேன், ஒருத்தியும் பார்க்க மாட்டேங்குறா. அதோட போச்சா? எங்க கோயில்ல கீர்த்தனை பாடுற வழக்கத்தை நீங்க தெரிஞ்சுக்கணும். ஒருத்தர் ஒரு வரி எடுத்துக் கொடுப்பாரு, சபை அதையே திருப்பிப் பாடும். நூத்தம்பது வருஷமா அப்படித்தான், பாலோட ஊறினது. முன்னால நாப்பது பேரு எழுந்து திருப்பிப் பாடவும், சரி, இது கீர்த்தனைன்னு பின்னால இருந்தவங்களும் ஆரம்பிச்சுட்டாங்க. தங்கராஜ் முகத்தைப் பார்க்கணுமே நீங்க! முப்பது வருஷமா மாவு அரைச்ச மனுஷன், பின்னால நானூறு பேரு வர்றாங்க. சந்தோஷத்துல அதே வரியை இன்னொரு தடவை பாடிட்டாரு.

அதுக்குள்ள டெனருக்கு நேரமாயிருச்சு. சம்பந்தி விடுவாரா, கணக்கா எடுத்தாரு. ஆம்பளைங்க பக்கம் பாதிப் பேரு தங்கராஜை விட்டுட்டு அவர் பின்னால போயிட்டாங்க. பந்தல்ல இருந்தவங்களுக்கு ஒரு வரி தாமதமாக் கேட்குது போல, அவங்க தனியா ஒரு ஊர்வலம். ஆல்டோ பிள்ளைங்க நாலும் பயந்துபோய் ஒருத்தி கையை ஒருத்தி பிடிச்சுக்கிட்டுப் பாடுறாங்க. எங்க கமிட்டிச் செயலாளர் பாட்டு உடைஞ்சு போச்சுன்னு நினைச்சு மைக்கை அணைக்க ஓடினவரு, பாதி வழியில தன்னை அறியாமத் தானும் பாடிக்கிட்டு நின்னுட்டாரு. ஓட்டுக் கூரையே தூக்கிக்கிட்டுப் போகுது.

நான் எப்ப ஆரம்பிச்சேன்னு கேட்காதீங்க. சங்கத்துப் பொம்பளைங்களை முறைக்கிறதுல எண்ணிக்கை போச்சு. ஒரு வரி தள்ளித்தான் நுழைஞ்சேன். நுழைஞ்சா எனக்குப் பின்னால வர ஆளே மிச்சமில்லை. எல்லாரையும் எல்லாரும் பங்கு போட்டுக்கிட்டாங்க. நான் பாடுறது என் காதுக்கே கேட்கலை. அழுகை வந்திருச்சும்மா, உண்மையைச் சொல்றேன். அத்தனை பேரு பாடுற எடத்துல நான் ஒருத்தி மட்டும் இல்லாத மாதிரி இருந்துச்சு.

கர்த்தருடைய கிருபை, எல்லாத்தையும் எப்படியோ இழுத்துப் பிடிச்சுக் கடைசி எடத்துக்குக் கொண்டுவந்தாரு சம்பந்தி. கையை மேல தூக்கி இறக்கினாரு. நானூறு பேரும் கப்புனு நின்னாங்க.

எனக்கு இன்னும் ஒரு வரி பாக்கி.

என்ன பண்ணுவீங்க நீங்களா இருந்தா? வாயை மூடிக்குவீங்க. நான் மூடலை. கோயிலே அமைதியா இருக்கு, நான் ஒருத்தி தனியா, "கடலும் பாடும், கரையும் பாடும்"னு போறேன். எல்லா முகமும் என்னைப் பார்க்குது. முப்பத்தொன்பது வருஷமாப் பார்த்த மாதிரியே. அப்பத்தான் அந்தப் புத்தி வந்துச்சு. பீப்பாய்க்காரர் எழுதினபடி கீழேயே முடிச்சிருந்தா ஒண்ணுமில்லை. நான் முடிக்கலை. கடைசி வார்த்தையில மேல ஏறினேன். எங்க, என் பழைய எடத்துக்கு. கண்ணாடி ஜன்னலெல்லாம் அதிருமே, அங்க.

ஏறினேன். அங்க போனா, ஒண்ணும் இல்லம்மா. வாய் திறந்திருக்கு. மூச்சு போகுது. சத்தம் வரலை.

ரெண்டு விநாடி இருக்குமா? எனக்கு ரெண்டு வருஷம். ஐயர் பேனாவை எடுத்துட்டாரு, நான் பார்த்தேன். அப்ப சம்பந்தி, சபைக்கு முதுகைக் காட்டிக்கிட்டு எனக்கு நேரா நின்னுக்கிட்டிருந்தவரு, நான் விட்ட எடத்துல அப்படியே பிடிச்சாரு. மெதுவா, என் குரல் கீழ இறங்கி வந்த மாதிரி, அவர் முடிச்சாரு. நான் வாயை மூடலை. பார்க்கிறவங்களுக்கு நான் பாடுற மாதிரியேதான் இருந்திருக்கும். அப்புறம் நானூறு பேரும் அந்த வரியைத் திருப்பிப் பாடினாங்க.

என் கடைசி வரியைக் கூட விட்டு வைக்கலை பாருங்க அந்த மனுஷன்! அதுக்கப்புறம் ஒரு வாரம் பேசலை நான் அவர்கிட்ட.

புரொபசர் எழுந்து நின்னு கண்ணைத் துடைச்சுக்கிட்டாரு. அசனத்துல, அதாவது பண்டிகைச் சாப்பாட்டுல, என் பக்கத்துல சம்மணம் போட முடியாம உட்கார்ந்துக்கிட்டு, கறிச்சோத்தைப் பிசைஞ்சுக்கிட்டே சொல்றாரு. ரெண்டு வருஷமா எத்தனையோ பெரிய கொயர் பாடிக் கேட்டிருக்காராம். எல்லாம் சுத்தமாப் பாடுவாங்களாம், ஜனங்க சும்மா உட்கார்ந்து கேட்பாங்களாம். அந்தக் காலத்துல பாட்டுன்னா இப்படி ஆளுக்கொரு பக்கம் இழுத்துக்கிட்டு ஊரே பாடினதுதானாம், இன்னிக்குத்தான் நேர்ல பார்த்தாராம். இன்னொண்ணும் சொன்னாரு. அவங்க ஜபவீட்டுல எல்லார்கிட்டயும் புஸ்தகம் கிடையாதாம். மூப்பர் ஒருத்தர் முன்னால நின்னு ஒவ்வொரு வரியா உரக்கச் சொல்லுவாராம், சபை அதைப் பாடுமாம். "உங்க வழக்கமும் அதுக்குப் பங்காளிதான் மேடம்"னாரு. நான், "இன்னும் கொஞ்சம் குழம்பு ஊத்துங்க சாருக்கு"ன்னேன். எனக்கு வேற கவலை.

மறு வாரம் கமிட்டி கூடுச்சு. நான் போகலை. வீட்டுல ஜபம் பண்ணிக்கிட்டு உட்கார்ந்திருந்தேன். பொய் சொல்லக் கூடாது, சம்பந்தியைத் திட்டிக்கிட்டு உட்கார்ந்திருந்தேன். ராஜினாமாக் கடிதம் கூட எழுதி வச்சேன், அவங்க அனுப்புறதுக்கு முன்னால நாமளே கொடுத்துடலாம்னு. "எனது முப்பத்தொன்பது வருட ஊழியத்தில்"னு ஆரம்பிச்சு அதுக்கு மேல ஓடலை. எங்க போறதும்மா? ஞாயித்துக்கிழமை காலையில எழுந்து வெந்நீர் குடிச்சு, சேலையை நீவிக் கட்டி, கொயர் நிக்கிற அந்த ரெண்டாவது படியில போய் நிக்கலைன்னா எனக்கு அது ஞாயித்துக்கிழமையே இல்லை.

மகள்தான் ஓடி வந்து சொன்னா. தேர்வு கிடையாதாம். புதுசா ஒரு பொறுப்பு ஏற்படுத்தியிருக்காங்களாம். ஆராதனையில ஒருத்தர் பீடத்துக்கு முன்னால தனியா மைக்கோட நிக்கணும். ஒவ்வொரு வரியையும் உரக்கச் சொல்லணும், சபை பாடும். புஸ்தகம் இல்லாதவங்களுக்கும், கண்ணு தெரியாதவங்களுக்கும் உபயோகமா இருக்கும்னு ஐயரே சொன்னாராம். அதுக்கு என் பேரை முன்மொழிஞ்சது யாருங்கிறீங்க? சற்குணம் அண்ணன். "அவங்க சொன்னா ஊர் எல்லையில இருக்கிறவனுக்கும் கேட்கும்"னாராம். கமிட்டியே சிரிச்சு நிறைவேத்தியிருக்கு.

"உங்களுக்காகத்தாம்மா மாமா இவ்வளவும் பண்ணினாரு, அந்தப் பாட்டை எடுத்ததும் அதுக்குத்தான்"னா மகள்.

"போடி, உனக்கு மாமனார் பாசம்"னேன். அந்தக் கடிதத்தைக் கிழிச்சு அடுப்புல போட்டேன். அடுத்த ஞாயித்துக்கிழமைக்கு வஞ்சிரம் வாங்கி வறுத்தேன், முள்ளெடுத்து வச்சேன்.

இப்ப எட்டு மாசமாச்சு. கொயர் அங்க சுவத்தோரமா நிக்குது. நான் நடுவுல, எல்லாருக்கும் முன்னால. நான் வாயைத் திறக்காம நானூறு பேரும் வாயைத் திறக்க முடியாது. தங்கராஜ் கூட என்னைப் பார்த்துத்தான் ஆரம்பிக்கணும். பதவி உயர்வுதானே இது? நீங்களே சொல்லுங்க. என்ன சிரிக்கிறீங்க?

அந்த வரியைப் பாடிக் காட்டவா? இங்கயா? எல்லாரும் பார்க்குறாங்கம்மா. பார்த்தா என்ன, எனக்கென்ன கூச்சம், நான் பி.டி. டீச்சர். அதுக்கில்ல.

வரலைம்மா இப்பல்லாம். அன்னிக்கு மேல போய் வாயைத் திறந்து நின்னேன்ல, அதோட சரி. வீட்டுலயும் பாடிப் பார்த்துட்டேன். அது சற்குணம் அண்ணனுக்குத் தெரியும். எனக்கும் தெரியும்.

சரி, இந்தப் பக்கம் திரும்பி உட்காருங்க. நான் வரியைச் சொல்றேன். நீங்க பாடுங்க.